ஏ பக்கம், பி பக்கம்: எல்.ஆர்.பி. கேசட்டுகளின் கதை

1992-ல் டாக்காவில் ஒரு புது ராக் குழு தன் முதல் ஆல்பத்தை இரண்டு கேசட்டாகப் போட்டது. எல்.ஆர்.பி. ஒன்று, எல்.ஆர்.பி. இரண்டு. வங்கதேசத்தில் அதுவரை இரட்டை ஆல்பம் என்று எவரும் போட்டதில்லை. கேசட் வியாபாரிகளுக்கு ஒரு கணக்கு உண்டு. பன்னிரண்டு பாட்டு, பக்கத்துக்கு ஆறு. அதில் ஒன்றோ இரண்டோ டீக்கடை வரை போய்ச் சேர்ந்துவிட்டால் போட்ட காசு திரும்பிவிடும். பெயரே பழகாத குழுவுக்கு இரண்டு கேசட் என்றால், தேங்கினால் நஷ்டமும் இரண்டு பங்கு. சர்கம் கம்பெனிக்காரர்கள் துணிந்து போட்டார்கள். எப்படிச் சம்மதித்தார்கள் என்பது எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்தான். நம் பக்கம் அதே வருஷம் 'ரோஜா' வந்து எல்லா வீட்டிலும் ஓடிக்கொண்டிருந்தது. எல்லைக்கு அந்தப் பக்கம் காலேஜ் பையன்களுக்கு இந்த இரண்டு கேசட்.

நான் அவற்றைக் கையில் எடுத்துப் பார்த்தது 1996-ல், சிட்டகாங்கில். திருப்பூரில் பனியன் கம்பெனியில் குவாலிட்டி பார்த்துக்கொண்டிருந்தவன் நான். சிட்டகாங் ஏற்றுமதி மண்டலத்தில் ஆள் கேட்டார்கள், சம்பளம் டாலரில் என்றார்கள், போய்விட்டேன். அமெரிக்காவும் ஐரோப்பாவும் நாட்டுக்கு இவ்வளவு துணி என்று கோட்டா வைத்திருந்த காலம். கோட்டா கையிருப்பில் இருந்த நாட்டில் கம்பெனிகள் முளைத்தன. 1983-ல் தொடங்கிய அந்த மண்டலத்தில் நம்மவர்கள், இலங்கைக்காரர்கள், கொரியாக்காரர்கள் என்று ஊர்ப்பட்ட மேனேஜர்கள். தையல் லைனில் உட்கார்ந்திருந்தவர்களில் பெரும்பாலும் கிராமத்திலிருந்து வந்த பெண்பிள்ளைகள்.

சாம்பிள் ரூமில் ஒரு பழைய டூ-இன்-ஒன் இருந்தது. ஷிப்மென்ட் நெருக்கும் ராத்திரிகளில் அதுதான் எங்களுக்குத் துணை. பேட்டர்ன் வெட்டும் மாஸ்டர் உள்ளூர்க்காரர், ஐம்பதை நெருங்கியவர், கத்தரியை வைத்துவிட்டுப் பாட்டு கேட்கிற ஜாதி. நான் போன புதிதில் அவர்தான் அந்த இரண்டு கேசட்டையும் மேஜையில் வைத்து, "சார், இது டாக்கா சத்தம்னு நினைச்சுக்காதீங்க. பையன் எங்க ஊரு. எனாயத் பஜார்" என்றார். சிட்டகாங்காரர்களுக்கு டாக்கா மேல் இருக்கும் எரிச்சல் நம்மூர்க் கோயமுத்தூர்க்காரர்களுக்கு மெட்ராஸ் மேல் இருப்பதைவிடக் கொஞ்சம் கூடுதல்.

பையன் என்று அவர் சொன்னது ஆயூப் பாச்சுவை. 1962 ஆகஸ்ட் 16-ல் பிறந்தவர். அப்பா வாங்கிக் கொடுத்த கிட்டாரில் தொடங்கியவருக்குச் சொல்லிக் கொடுத்தது சிட்டகாங்கில் குடியிருந்த ஜேக்கப் டயஸ் என்ற பர்மியர். அந்த ஊரை அறிந்தவர்களுக்கு இதில் வியப்பில்லை. துறைமுக ஊர், பிரிட்டிஷ் காலத்து அஸ்ஸாம்-பெங்கால் ரயில்வேயின் தலைமையிடம், போர்ச்சுகீசியர் வழி வந்த கிறிஸ்தவர்கள் வாழும் பாதர்காட்டா, பிரிங்கி பஜார். ரங்கூன் போய்வருவது அந்தக் காலச் சிட்டகாங்காரருக்கு அடுத்த தெரு மாதிரி. கப்பல் வரும் இடத்தில் கிட்டாரும் வந்து சேரும்.

1971 யுத்தம் முடிந்த கையோடு டாக்காவில் ஆஸம் கான் பாட ஆரம்பித்தார். அவர் துப்பாக்கி தூக்கிய விடுதலைப் போராளி. திரும்பி வந்து மைக்கைப் பிடித்தார். ரயில் பாதையோரக் குடிசைகளைப் பற்றியெல்லாம் மேற்கத்திய வாத்தியத்தோடு பாடினார். தாகூர் பாட்டிலும் நஸ்ருல் பாட்டிலும் வளர்ந்த பெரியவர்கள் முகம் சுளித்தார்கள். 'அபசன்ஸ்க்ருதி', அதாவது சீர்கெட்ட கலாசாரம், என்று பத்திரிகைகளில் எழுதினார்கள். பாண்டு இசைக்காரர்கள் தலைமேல் அந்தப் பழி இருபது வருஷமாவது தொங்கியது. ஆஸம் கானைத் தொலைக்காட்சியில் பார்த்த பையன்களில் பாச்சுவும் ஒருவர். அவர் கண் பாடகரைவிட, பக்கத்தில் கிட்டார் வாசித்த நயன் முன்ஷி மேல்தான் நின்றதாம்.

அதே சமயம் சிட்டகாங்கில் 1972 வாக்கில் சுரேலா என்று ஒரு குழு தொடங்கி, பிறகு சோல்ஸ் என்று பேர் மாற்றிக்கொண்டது. சோல்ஸ் 1980-ல் வெளியிட்ட 'சூப்பர் சோல்ஸ்' அந்த நாட்டின் முதல் பாண்டு ஆல்பங்களில் ஒன்று. ஏறக்குறைய அப்போதுதான் பாச்சு அதில் சேர்ந்தார். அதற்கு முன் ஃபீலிங்ஸ் என்ற இன்னொரு சிட்டகாங் குழுவில் இருந்தார், கல்யாண வீடுகளில் வாடகைக் கிட்டார் வைத்து வாசித்திருக்கிறார். மாஸ்டர் அந்தக் கல்யாணங்களில் ஒன்றுக்குப் போனதாகச் சத்தியம் செய்வார். சிட்டகாங்கில் ஒரு வயதுக்கு மேற்பட்ட ஆண்கள் எல்லாருமே அந்தக் கல்யாணத்துக்குப் போயிருக்கிறார்கள் என்பதால் நான் அதை அவ்வளவாக நம்பவில்லை.

பாச்சு பாடி முதலில் பதிவான பாட்டு 'ஹாரானோ பிகேலேர் கல்போ'. எழுதியவர் ஷாஹித் மஹ்மூத் ஜங்கி, அவரும் சிட்டகாங்தான். எண்பதுகளில் பாச்சு 600 டாகாவோடு டாக்காவுக்கு ரயிலேறி எலிஃபன்ட் ரோட்டில் ஒரு லாட்ஜில் தங்கினார் என்று கதை சொல்வார்கள். அந்த எலிஃபன்ட் ரோட்டில்தான் 'ரெயின்போ' என்ற கடை இருந்தது. வெளிநாட்டு எல்.பி. ரெக்கார்டுகளைக் கேசட்டில் பதிந்து கொடுக்கும் கடை. வேண்டிய பாட்டுகளைச் சீட்டில் எழுதிக் கொடுத்துவிட்டு வரவேண்டும், அடுத்த வாரம் போனால் கேசட் தயார். ஹெண்ட்ரிக்ஸ், டீப் பர்ப்பிள், லெட் செப்பலின் எல்லாம் டாக்காப் பையன்கள் காதுக்கு அந்த வழியாகத்தான் வந்தன. வங்காளி ஹார்ட் ராக் என்ற சரக்குக்கு நூல் வந்த இடம் என்று ஒன்றைக் காட்டச் சொன்னால், ஸ்டூடியோக்களை விட்டுவிட்டு அந்தக் கடையைத்தான் காட்டுவேன்.

சோல்ஸ் இனிமையான குழு. மெலடிதான் அவர்களுக்கு மூச்சு. பத்து வருஷம் அங்கே லீட் கிட்டார் வாசித்தவருக்குக் கை ஊறியிருக்க வேண்டும். 1986-ல் 'ரக்த கோலாப்', 1988-ல் 'மய்னா' என்று தனி ஆல்பங்கள் போட்டுப் பார்த்தார். 1990 முடிவில் சோல்ஸை விட்டு வெளியே வந்தார். அது ராணுவ ஆட்சியாளர் எர்ஷாத்தின் ஆட்சி விழுந்த டிசம்பர். டாக்கா பல்கலைக்கழக வளாகத்தில் பாண்டுகள் எல்லாம் சேர்ந்து திறந்தவெளியில் வாசித்தார்கள், மாணவர் கூட்டம் அலைமோதியது. நீண்ட முடிக்காரர்களைப் போக்கிரிகளாகப் பார்த்த ஊர் அன்றைக்குக் கொஞ்சம் மனசு மாறியது.

1991 ஏப்ரல் 5-ல் புதுக் குழு தொடங்கியது. பாச்சு கிட்டாரும் குரலும், எஸ்.ஐ. டுட்டுல் கீபோர்டு, ஸ்வபன் பேஸ், ஜாய் டிரம்ஸ். முதலில் வைத்த பெயர் லிட்டில் ரிவர் பாண்டு. அந்தப் பெயரில் ஆஸ்திரேலியாவில் ஏற்கெனவே புகழ்பெற்ற குழு இருந்தது. அதனால் எழுத்துகளை அப்படியே வைத்துக்கொண்டு லவ் ரன்ஸ் பிளைண்ட் என்று விரிவை மாற்றினார்கள். ஜனங்களுக்கு விரிவெல்லாம் ஒரு பொருட்டே இல்லை. எல்.ஆர்.பி.தான்.

இனி அந்த இரட்டைக் கேசட்டுக்கு வருகிறேன். எனக்கு வங்காள எழுத்து தெரியாது, மாஸ்டர்தான் உள்ளட்டையைப் படித்துக் காட்டுவார். 'கூம் பாங்கா ஷஹரே' அதில் இருக்கிறது. ஜங்கி எழுதியது. உறக்கம் கலையும் நகரத்தைப் பற்றிய பாட்டு. காதல் கத்தரிக்காய் இல்லாமல் ஊரைப் பாடுகிற, தெருவியாபாரியைப் பாடுகிற, டாக்காவின் சாயங்காலத்தைப் பாடுகிற பாட்டுகள் அந்த இரண்டு கேசட்டிலும் நிறைய. கிட்டார் ஓய்வதே இல்லை. பாடகர் வாயை மூடிய மறு நொடி அது பேச ஆரம்பித்துவிடும். பிற்பாடு வந்த ஆல்பங்களை எல்லாம் கேட்டுவிட்டுச் சொல்கிறேன், குழு தனக்காக வாசித்தது இந்த இரண்டில்தான். மற்றவை எல்லாம் கொஞ்சமோ அதிகமோ சந்தைக்காக வாசித்தவை. இதைச் சொன்னால் எல்.ஆர்.பி. ரசிகர்கள் என்னை அடிக்க வருவார்கள். வரட்டும்.

சந்தை என்று நான் சொல்வது பாட்டுவாட்டுலியை. பழைய டாக்காவில் சதர்காட் படித்துறைக்குப் பக்கத்தில் உள்ள தெரு. கண்ணாடிக் கடை, கடிகாரக் கடைகளுக்கு நடுவே கேசட் மொத்த வியாபாரிகள் வரிசையாக இருந்தார்கள். ஈத் பெருநாள்தான் அவர்களுக்குத் தீபாவளி. ரம்ஜான் மாதத்தில் பெட்டி பெட்டியாகக் கேசட் லாஞ்ச் ஏறித் தெற்கு மாவட்டங்களுக்கும் ரயிலேறி எங்கள் பக்கத்துக்கும் போகும். பெருநாளுக்கு முன் கைக்கு வராத ஆல்பம் பாதி செத்த மாதிரி. எங்கள் கம்பெனிப் பெண்பிள்ளைகளுக்கு ஈத் போனஸ் வந்ததும் முதலில் வீட்டுக்குத் துணி, அப்புறம் அண்ணன் தம்பிக்கு ஒரு கேசட். சிட்டகாங் நியூ மார்க்கெட்டிலும் ரியாஜுத்தீன் பஜாரிலும் அந்த வாரம் கால் வைக்க இடம் இருக்காது.

கலைஞர்களுக்கு இதில் கிடைத்தது பெரும்பாலும் ஒரே தடவைக் காசு. மாஸ்டர் டேப்பைக் கொடுத்து, பேசிய தொகையை வாங்கிக்கொண்டு, எழுதிக் கொடுத்துவிட்டு வரவேண்டியதுதான். பத்தாயிரம் விற்றாலும் பத்து லட்சம் விற்றாலும் அதற்கு மேல் பைசா வராது. ஆனால் முந்தின கேசட் எவ்வளவு விற்றது என்பதைப் பொறுத்துத்தான் அடுத்த கேசட்டின் தொகை. மேடைக் கச்சேரிக்கு வரும் அழைப்பும் அப்படியே. ஆக, 'ஹிட்' ஒன்று கட்டாயம் வேண்டும்.

1993-ல் 'சுக்' வந்தது. அதில்தான் 'சேய் துமி'. 'சலோ போத்லே ஜாய்' என்றும் சொல்வார்கள். பாச்சுவே எழுதி மெட்டமைத்தது. மெதுவாகத் தொடங்கி, பிரிந்துபோனவளைப் பார்த்துப் பாடுகிற பாட்டு. வங்காளம் பேசும் ஆண் எவராவது கையில் கிட்டாரோடு முதல் தடவை நாலு கார்டு பிடித்தால், அந்த நாலு கார்டில் இந்தப் பாட்டு வெளியே வரும். அதே கேசட்டில் 'ரூபாலி கிட்டார்'. எழுதியவர் கவ்சர் அகமது சவுத்ரி. இவரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். அந்த நாட்டின் பெரிய நாளிதழான 'ப்ரதம் ஆலோ'வில் பின்னாளில் ராசிபலன் எழுதியவர் இவர்தான். மேஷ ராசிக்காரர்களுக்குப் பணவரவு என்று எழுதிய அதே கைதான், ஒருநாள் இந்த வெள்ளிக் கிட்டாரை விட்டுவிட்டுத் தூரம் போய்விடுவேன் என்கிற பாட்டையும் எழுதியது. சாம்பிள் ரூமில் மாஸ்டர் அவர் எழுதிய பாட்டுக்கு எழுந்து நிற்காத குறை. ராசிபலனைப் படித்துவிட்டு அதே மனுஷரைத் திட்டவும் செய்தார்.

இந்த இடத்தில் என் தொழிலிலிருந்து ஒரு விஷயம். பனியன் கம்பெனியில் எங்கே பார்த்தாலும் பஞ்சுத் தூசி. காற்றில் மிதந்துவந்து மிஷினில் படியும், புருவத்தில் படியும், டூ-இன்-ஒன்னுக்குள்ளும் படியும். கேசட்டைத் திறந்து பார்த்தால் பட்டாணி அளவுள்ள அந்த ஹெட்டின் மேல் பழுப்பாக ஒரு படலம்: பாதி டேப்பிலிருந்து உதிர்ந்த துரு நிறப் பொடி, பாதி எங்கள் பஞ்சு. வாரம் ஒரு முறை மாஸ்டர் குச்சியில் பஞ்சைச் சுற்றி ஸ்பிரிட்டில் நனைத்துத் துடைப்பார். துடைக்க மறந்தால் என்ன ஆகும் என்பதுதான் கவனிக்க வேண்டியது. அழுக்குப் படிந்த ஹெட் முதலில் விழுங்குவது உச்ச ஒலிகளை. சிம்பல் போகும், கிட்டாரின் கூர்மை போகும். முரட்டு ராக் பாட்டு கம்பளிக்குள் வைத்து வாசித்த மாதிரி ஒரே இரைச்சலாகிவிடும். மெதுப் பாட்டில் குரல் நடு ஒலியில் இருப்பதால் தப்பித்துக்கொள்ளும். டீக்கடை, பஸ், முடிதிருத்தும் கடை, தையல் கம்பெனி என்று அந்த நாட்டில் கேசட் ஓடிய இடங்களில் முக்கால்வாசி தூசி மண்டிய இடங்கள். இரட்டைக் கேசட்டின் முரட்டுப் பாட்டுகள் காலேஜ் ஹாஸ்டலில் நல்ல செட்டில் கேட்டவர்களோடு நின்றுபோனதற்கும், 'சேய் துமி' நாடு முழுக்கப் போனதற்கும் இது ஒரு காரணம் என்று நான் உறுதியாக நம்புகிறேன். இசை விமர்சகர்கள் இதை எழுதமாட்டார்கள். அவர்கள் ஹெட் துடைத்ததில்லை.

எங்கள் லைனில் பெண்பிள்ளைகளுக்குப் பிடித்ததும் 'சேய் துமி'தான். அடுத்தபடி 'கஷ்டோ' கேசட். 1995-ல் பாச்சு குழு இல்லாமல் தனியாகப் போட்டது. வேதனைப்படுவது எனக்குப் பிடிக்கும் என்று பாடுகிற பாட்டு, லதிஃபுல் இஸ்லாம் ஷிப்லி எழுதியது. விற்பனையில் குழுவின் ஆல்பங்களையே தூக்கிச் சாப்பிட்டது என்பார்கள் கடைக்காரர்கள். என் வழக்கு இங்கேதான் முழுசாக நிற்கிறது. பத்து வருஷம் மெலடிக் குழுவில் இருந்து அலுத்து, சத்தமாக வாசிக்க வேண்டும் என்று வெளியே வந்த மனுஷர். அவரை நாட்டுக்கு அறிமுகம் செய்து வைத்தது மெதுப் பாட்டு. சத்தத்துக்கான செலவை மெதுப் பாட்டு ஏற்றுக்கொண்டது. மேடையில் மட்டும் அவர் பழி தீர்த்துக்கொண்டார். கச்சேரியில் நாலு நிமிஷப் பாட்டுக்கு நடுவே பத்து நிமிஷம் கிட்டார் வாசிப்பார். கருப்புத் தொப்பி, கருப்புச் சட்டை, கண் மூடியிருக்கும். கேசட்டில் இடம் கிடைக்காத வாசிப்பெல்லாம் அங்கே கொட்டும். ஏ பக்கம் முப்பது நிமிஷத்தில் முடிந்தாக வேண்டும் என்ற கட்டுப்பாடு மேடைக்குக் கிடையாதே.

1994-ல் 'தபுவோ', 1995-ல் 'குமந்தோ ஷஹரே', 1996-ல் 'ஃபெராரி மோன்', அதே வருஷம் 'ஷ்வப்னோ'. 'ஃபெராரி மோன்' மின்கிட்டாரைக் கீழே வைத்துவிட்டு வாசித்த அன்பிளக்ட் ஆல்பம். வங்கதேசத்துக்கு அது புதுசு. இதே 1996-ல் ஃபீலிங்ஸோடு சேர்ந்து 'கேப்சூல் 500 எம்.ஜி.' என்று ஒரு கேசட். மாத்திரை மாதிரி பேர் வைத்தார்களே என்று நான் சிரித்தேன், மாஸ்டர் சிரிக்கவில்லை. அப்போது ஃபீலிங்ஸின் குரல் ஜேம்ஸ். சிட்டகாங்கில் அஜீஸ் போர்டிங் என்ற விடுதியில் குடியிருந்து பாடிப் பழகியவர். 'கேங்ஸ்டர்' இந்திப் படத்தில் 2006-ல் வந்த 'பீகி பீகி' பாட்டின் குரல் இவர்தான் என்றால் நம்மவர்களுக்கும் பிடிபடும். அந்த மெட்டு கல்கத்தாவின் மொஹீனேர் கோராகுலி குழுவுடையது. டாக்கா ஒரு பக்கம், கல்கத்தா ஒரு பக்கம் என்று நாம் பிரித்துப் பேசினாலும் மெட்டுகளுக்குப் பாஸ்போர்ட் கேட்கிறவர் யாரும் இல்லை.

தொண்ணூறுகளின் கடைசியில் எல்லாரும் எல்லாவற்றையும் போட்டார்கள். குழு ஆல்பம், தனி ஆல்பம், பல பாடகர்களைச் சேர்த்த 'மிக்ஸ்ட்' ஆல்பம். பிரின்ஸ் மஹ்மூத் போன்ற இசையமைப்பாளர்கள் பத்து நட்சத்திரங்களை ஒரே கேசட்டில் அடுக்கினார்கள். வாங்குகிறவனுக்கு அது லாபம். பாச்சு இல்லாத மிக்ஸ்ட் ஆல்பம் ஈத் கடையில் குறைவு. ஸ்டூடியோவிலேயே படுத்துத் தூங்கினார் என்று பேசிக்கொண்டார்கள். எல்.ஆர்.பி. 1998-ல் இன்னொரு இரட்டை ஆல்பம் போட்டது, 'ஆமாதேர்', 'பிஸ்மய்' என்று. வாங்கினேன். முதல் இரட்டையின் பசி அதில் இல்லை. நல்ல பாட்டுகள் உண்டு, ஆனால் வருஷத்துக்கு இத்தனை கேசட் என்று ஓடினால் எந்தக் கைக்கும் களைப்பு வரும். எங்கள் தொழிலில் ஓவர்டைம் பீஸைத் தனியாக எடுத்துப் பார்த்தால் தையலில் தெரிந்துவிடும்.

2000-த்துக்குப் பிறகு வேகமாகச் சொல்லிவிடலாம், ஏனென்றால் சந்தையும் வேகமாகத்தான் விழுந்தது. ஒரே சிடியில் நூற்றைம்பது பாட்டு எம்.பி.3-யாக நடைபாதையில் விற்றார்கள். எல்.ஆர்.பி.யின் எல்லா ஆல்பமும் அதில் ஒரு மூலைக்குள் அடங்கிவிட்டது. பாட்டுவாட்டுலிக் கடைகள் ஒவ்வொன்றாகக் கண்ணாடிக் கடையாகவும் கடிகாரக் கடையாகவும் திரும்பின. 2006-ல் தனியார் எஃப்.எம். வந்தது, செல்போன் கம்பெனிகள் ரிங்டோனுக்குப் பாட்டு வாங்கின. பாட்டின் இருபது வினாடிதான் இப்போது சரக்கு. டுட்டுல் குழுவை விட்டுச் சினிமா இசைக்குப் போனார். கோட்டா 2004-ன் கடைசி நாளோடு முடிந்தது, நானும் அடுத்த வருஷம் திருப்பூர் திரும்பினேன். 2003-ல் 'அசேனா ஜீபன்', 2005-ல் 'மோனே ஆச்சே நாகி நேய்', அப்புறம் 'ஸ்பர்ஷோ'. ஆல்பத்துக்கும் ஆல்பத்துக்கும் இடைவெளி நீண்டுகொண்டே போனது. 2012-ல் 'ஜுத்தோ', 2016-ல் 'ராகே அல்லா மாரே கே'. பின்னதை நான் கேட்டது சிடியில் இல்லை, சிட்டகாங்கிலிருந்து பழைய சிநேகிதர் ஒருவர் போனில் அனுப்பினார்.

கடைசி வருஷங்களில் பாச்சு ஒரு காரியம் செய்தார். இளைஞர்களுக்கு நாடு தழுவிய கிட்டார் போட்டி நடத்த ஆசைப்பட்டு, அதற்கு யாரும் ஸ்பான்சர் தர முன்வராததால், தன்னிடம் இருந்த கிட்டார்களில் ஐந்தை விற்கப்போவதாக ஃபேஸ்புக்கில் அறிவித்தார். கிட்டார்களைப் பிள்ளை மாதிரி வைத்திருந்தவர். பிஸ்கட் கம்பெனியும் சிம் கார்டு கம்பெனியும் கிரிக்கெட்டுக்குக் கோடிக்கணக்கில் கொட்டிய நாட்டில் ஒரு கிட்டார் போட்டிக்கு ஆள் இல்லை. எனக்கு இதில் ஆத்திரம் உண்டு, மறைக்கவில்லை.

2018 அக்டோபர் 16-ல் ரங்கபூரில் கச்சேரி. 18-ம் தேதி காலை டாக்காவில் மாரடைப்பு, 56 வயது. மறுநாள் டாக்கா தேசிய ஈத்காவில் ஜனாசா தொழுகை, அதற்கு மறுநாள் சிட்டகாங்கில் ஜமியத்துல் ஃபலாஹ் பள்ளிவாசலில். சைதன்ய கலி கபர்ஸ்தானில் அம்மாவின் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள். பாண்டு இசைக்காரன் என்றால் வீடு வாடகைக்குத் தராத காலத்தில் தொடங்கியவருக்கு, ஊரே தொப்பி அணிந்து வரிசையில் நின்றது. அடுத்த செப்டம்பரில் சிட்டகாங் மாநகராட்சி பிரபர்த்தக் சந்திப்பில் 18 அடி உயரத்தில் கிட்டார் சிலை வைத்தது. 'ரூபாலி கிட்டார்' என்றே அதற்குப் பேர். பிறகு ஒருமுறை வேலையாகப் போனபோது பார்த்தேன். சுற்றிலும் ரிக்‌ஷாவும் சி.என்.ஜி. ஆட்டோவும் ஹாரன் அடித்துக்கொண்டு நிற்கின்றன. பாச்சு வாசித்த சத்தத்துக்கு அது பொருத்தமான இடம்தான்.

குழு அதற்குப் பின் நிலைக்கவில்லை. 2019 ஏப்ரலில் பாலாம் என்ற பாடகரை முன்னிறுத்தித் தொடரப் பார்த்தார்கள். எல்.ஆர்.பி. என்ற பெயரை யார் வைத்துக்கொள்வது என்று குடும்பத்தோடு பிரச்சினை வந்து அதுவும் நின்றது. பாட்டுகளின் கணக்கு மட்டும் ஓரளவு ஒழுங்குக்கு வந்திருக்கிறது. 2020-ல் அந்நாட்டுக் பதிப்புரிமை அலுவலகம் பாச்சுவின் 272 பாட்டுகளைப் பதிந்து, இணையத்தில் சேமித்து வைக்க ஏற்பாடு செய்தது. ஒரே தடவைக் காசுக்கு எழுதிக் கொடுத்த காலத்தின் ஆட்களுக்கு இது பெரிய காரியம். யார் கேட்டாலும் இனிக் குடும்பத்துக்கு ஏதோ வரும்.

எனக்கு ஒரு குறைதான். இணையத்தில் பாட்டு தனித்தனியாகக் கிடைக்கிறது, அதிகம் கேட்கப்பட்டது மேலே, மற்றது கீழே. 'சேய் துமி' எப்போதும் மேலே. 1992-ன் இரண்டு கேசட்டில் எந்தப் பாட்டுக்குப் பின் எந்தப் பாட்டு, எந்த முரட்டு வாசிப்போடு பக்கம் முடியும் என்ற வரிசை அதில் இல்லை. அந்த வரிசையைத்தான் அந்த நாலு பேர் உட்கார்ந்து யோசித்து வைத்திருப்பார்கள். புதுசாகக் கேட்கிறவர்கள் உள்ளட்டைப் படம் ஒன்றைத் தேடி எடுத்து, அதிலுள்ளபடி பாட்டுகளை நீங்களே அடுக்கிக் கேளுங்கள். நல்ல ஸ்பீக்கரில் கேளுங்கள்.